குரைத்த நாயின் வாயைக் கட்டியவர்கள்

எங்கள் ஊர் பேருந்து நிலையத்துக்கு எதிரே ஒரு ஜெராக்ஸ் கடை இருக்கிறது. ஜெராக்ஸ் என்பது பெயருக்குத்தான். லேமினேஷன், பாஸ்போர்ட் சைஸ் போட்டோ, கல்யாணப் பத்திரிகை, பான் கார்டு, பட்டா நகல், கண்ணீர் அஞ்சலி என்று மனிதன் பிறந்ததிலிருந்து போஸ்டராகிறவரை உள்ள எல்லாக் காரியமும் அங்கே நடக்கும். ஆனி மாதத்தில் அக்கா மகளின் கல்லூரிச் சேர்க்கைக்காக அவளுடைய சான்றிதழ்களையும், மாமன் என்ற முறையில் என் ஆதார் அட்டையையும் தூக்கிக்கொண்டு போனேன். கடைத் தம்பி எல்லாவற்றையும் ஸ்கேன் செய்தார். பெண்ணின் போட்டோவில் பின்னணியை வெள்ளையாக்க வேண்டும். சட்டைப் பையிலிருந்து பைக் சாவியை எடுத்தார். சாவிக்கொத்தில் ஒரு பென்டிரைவ் தொங்கியது. சொருகினார். திரையின் வலது மூலையில் சிவப்பாக ஒன்று எட்டிப் பார்த்தது.

“தம்பி, ஏதோ வைரஸ்னு சொல்லுதே?”

“அது அப்படித்தாண்ணே கத்தும். ஆன்டிவைரஸை ஆஃப் பண்ணிட்டா சரியாயிடும்.”

ஆஃப் பண்ணினார். சரியாகிவிட்டது.

நள்ளிரவில் நாய் குரைக்கிறது. வீட்டுக்காரர் எழுந்து வருகிறார், நாயின் வாயைத் துண்டால் இறுக்கிக் கட்டுகிறார், “திருடன் போயிட்டான், படு” என்று மனைவியிடம் சொல்லிவிட்டுக் குறட்டை விடுகிறார். இப்படி ஒரு புத்திசாலியை நீங்கள் பார்த்ததில்லை என்றால் தமிழ்நாட்டில் ஏதாவது ஒரு டிடிபி சென்டருக்குப் போய்ப் பத்து நிமிஷம் நில்லுங்கள்.

அந்தப் பென்டிரைவில் இருந்தது போர்ட்டபிள் போட்டோஷாப். இன்ஸ்டால் செய்ய வேண்டாம், சீரியல் நம்பர் வேண்டாம், சொருகினால் ஓடும். எங்கே கிடைத்தது என்று கேட்டேன். முன்பு வேலை பார்த்த கடையில் ஒரு அண்ணன் கொடுத்தாராம். அவருக்கு ரிச்சி ஸ்ட்ரீட்டில் சிஸ்டம் சர்வீஸ் செய்யும் நண்பர் கொடுத்தாராம். நண்பருக்கு யார் கொடுத்தது? குருபரம்பரை அதோடு முடிந்துவிட்டது. ரோட்டோரப் பஜ்ஜி என்றால்கூட எந்த எண்ணெய் என்று ஒரு பார்வை பார்க்கிற ஜனம் நாம். இதில் மட்டும் எவன் பொட்டலம் கட்டினான் என்று கேட்பது அநாகரிகம்.

போர்ட்டபிள் என்ற சொல்லோடு எனக்குப் பகை இல்லை. நிறுவாமலே ஓடும் மென்பொருள் அருமையான யோசனை. ஜான் ஹாலர் என்பவர் 2004-இல் ஃபயர்பாக்ஸ் உலாவியைப் பென்டிரைவிலிருந்தே ஓடும்படி கட்டி வெளியிட்டார். அது வளர்ந்து போர்ட்டபிள்ஆப்ஸ் என்ற பெரிய தொகுப்பாகி இன்றும் நேர்மையாகக் கிடைக்கிறது. நம் கடைகளில் சாவிக்கொத்தில் தொங்குவது வேறு ஜாதி. காசு கொடுத்து வாங்க வேண்டிய மென்பொருளின் பூட்டை எவனோ உடைத்து, அதன் உள்ளுறுப்புகளை எல்லாம் ஒரே கோப்பாக மூட்டை கட்டியிருக்கிறான். தயாரித்த கம்பெனியின் டிஜிட்டல் கையொப்பம் அதில் செல்லாது. மூட்டைக்குள் போட்டோஷாப்போடு வேறு எது குடியிருக்கிறது என்பது கட்டியவனுக்கு மட்டுமே தெரியும்.

“தடயமே இல்லாம ஓடும்ணே” என்று தம்பி பெருமையாகச் சொன்னார். தடயமில்லாமல் ஓடுவதைத்தான் களவாணிக்கு முதல் தகுதியாகச் சொல்வார்கள்.

ரெட்லைன், விடார், லும்மா என்று ஒரு திருட்டுக் குடும்பம் இருக்கிறது. இவையும் இன்ஸ்டால் கேட்பதில்லை. ஓடத் தொடங்கிய சில நிமிடங்களில் உலாவியில் நீங்கள் சேமித்து வைத்த பாஸ்வேர்டுகளையும், குக்கிகளையும், டெஸ்க்டாப்பில் கிடக்கும் கோப்புகளையும் வாரிக் கட்டி எங்கோ அனுப்பிவிடும். குக்கி போனால் என்ன என்று கேட்பவர்களுக்கு ஒரு வார்த்தை. நீங்கள் மெயிலைத் திறந்தே வைத்திருக்கிறீர்கள் அல்லவா, அந்தத் திறந்த நிலையையே அவன் எடுத்துக்கொண்டு போகிறான். பாஸ்வேர்டும் கேட்காது, ஓடிபியும் வராது. ஓடிபி பத்திரம் என்று நம்பிக் கொண்டிருக்கும் ஊரில் இதைச் சொன்னால் நம்மைப் பைத்தியம் என்பார்கள்.

இவை வருகிற வழியும் அழகு. ஜிப் கோப்புக்கு ஒரு பாஸ்வேர்டு போட்டு, அந்தப் பாஸ்வேர்டை பக்கத்திலேயே எழுதியும் வைத்திருப்பார்கள். பூட்டையும் போட்டுச் சாவியையும் ஏன் தொங்கவிடுகிறான் என்று நம்மில் ஒருவரும் யோசிக்கவில்லை. பூட்டு உங்களுக்கு அல்ல ஐயா, ஆன்டிவைரஸுக்கு. பூட்டிய பெட்டிக்குள் அது எட்டிப் பார்க்க முடியாது. கூடவே ஒரு குறிப்பும் இருக்கும்: திறக்கும் முன் பாதுகாப்பை அணைக்கவும். கன்னம் வைக்க வருகிறவன் முன்கூட்டியே கடிதம் போட்டு, தாழ்ப்பாளைத் திறந்து வையுங்கள் என்கிறான். நாமும் திறந்து வைத்து, வாசலில் கோலமும் போட்டுவிடுகிறோம்.

2023 ஏப்ரலில் கிரிப்ட்பாட் என்ற திருடனைப் பரப்பியவர்கள் மீது கூகுள் அமெரிக்காவில் வழக்குப் போட்டது. முந்தைய ஓராண்டில் மட்டும் சுமார் 6,70,000 கணினிகள் மாட்டியிருந்ததாகக் கணக்குச் சொன்னது. திருடன் ஒளிந்து வந்த வேஷங்களில் ஒன்று கூகுள் குரோம். குரோம்! கேட்டால் சும்மா கொடுக்கும் பொருளைக்கூடப் புழக்கடை வழியாகப் போய் வாங்கியிருக்கிறார்கள். இதற்கு மருந்து கிடையாது.

நம் கடைக்கு வருவோம். ஆவணி முகூர்த்த சீசன். ஒருநாள் மதியம் கடைக் கணினியின் திரையில் ‘அப்டேட் ஆகிறது, அணைக்க வேண்டாம்’ என்று வந்ததாம். வாங்கிய நாளிலிருந்து ஒருமுறைகூட அப்டேட் பார்க்காத கணினி அது, ஏனென்றால் அப்டேட் செய்தால் கிராக் போய்விடும். ஆனாலும் தம்பி மரியாதையாக எழுந்து டீ குடிக்கப் போனார். திரும்பி வந்தபோது எல்லாக் கோப்புகளின் வாலிலும் புதிதாக நான்கு எழுத்து ஒட்டியிருந்தது. ஒன்றும் திறக்கவில்லை. ஃபோல்டருக்கு ஃபோல்டர் ‘ரீட்மீ’ என்று ஒரு சின்னக் கோப்பு.

ஸ்டாப் அல்லது டிஜேவியூ என்று அழைக்கப்படும் பணயத் தீநிரல் (ரான்சம்வேர்) குடும்பத்தின் கைவரிசை இது. கிராக், கீஜென், ஆக்டிவேட்டர் இவற்றின் முதுகில் ஏறி வருவதே இதன் குலத்தொழில். பெரிய கம்பெனிகளை இது தொடாது. மாணவன், ஜெராக்ஸ் கடை, கல்யாண போட்டோகிராபர், இவர்கள்தான் இரை. அந்தப் போலி அப்டேட் திரையும் இதன் வித்தைதான். முன்னால் திரையைக் கட்டிவிட்டுப் பின்னால் ஒவ்வொரு கோப்பின் முதல் 150 கிலோபைட்டைக் குலைத்துவிட்டுப் போகும், வேலை சீக்கிரம் முடிய வேண்டும் அல்லவா. கடைக்காரரின் வேர்டு கோப்பெல்லாம் அந்த அளவுக்குள் அடங்கிவிடுபவை. முழுசாகப் போயிற்று.

கடிதத்தில் விலை போட்டிருந்தது. 980 டாலர். 72 மணி நேரத்துக்குள் தொடர்பு கொண்டால் பாதி விலை, 490 டாலர். ஆடித் தள்ளுபடியைக் கொள்ளைக்காரனும் கற்றுக்கொண்டுவிட்டான், ஆவணியில் கொடுக்கிறான், அவ்வளவுதான் வித்தியாசம். போட்டோஷாப்புக்கு மாதாமாதம் காசு கட்ட முடியாது என்று பென்டிரைவைச் சொருகிய கடைக்கு வந்த பில் சுமார் 40 ஆயிரம் ரூபாய். 2019 அக்டோபரில் எம்சிசாஃப்ட் என்ற நிறுவனம் இந்தக் குடும்பத்தின் 148 வகைகளுக்கு இலவசத் திறவுகோல் ஒன்றை வெளியிட்டது. அதற்குப் பின் வந்த வகைகளில் சாவி கொள்ளைக்காரனின் சர்வரில் இருக்கிறது. கடைக்கு வந்தது பின்னால் வந்த வகை.

கடைக்காரருக்காக நானும் இரண்டு நாள் வருத்தப்பட்டேன். மூன்றாம் நாள்தான் உறைத்தது. இந்தத் தீநிரல் தனியாக வருவதில்லை. பூட்டுவதற்கு முன் பாஸ்வேர்டு திருடும் விடார் போன்ற கூட்டாளிகளையும் அழைத்து வருவது வழக்கம். அந்தக் கணினியில் கடைக்காரருடைய சொத்து என்ன இருந்தது? ஒன்றுமில்லை. போட்டோஷாப் அடோபியுடையது, விண்டோஸ் மைக்ரோசாஃப்டுடையது, இரண்டும் திருடியவை. மிச்சம் இருந்தது எல்லாம் எங்களுடையது. ஆயிரம் பேருடைய ஆதார், ரேஷன் ஸ்மார்ட் கார்டு, பாஸ்புக் முதல் பக்கம், சாதிச் சான்றிதழ், பத்தாம் வகுப்பு மார்க் ஷீட். வயசுப் பெண்களின் போட்டோக்கள், கீழே செல்போன் நம்பரோடு. கடைக்காரர் மிச்சம் பிடித்தார், பில்லை எங்கள் பெயரில் போட்டார். ஏழைக்கு மென்பொருள் வாங்க வழியில்லை, திருட்டுதான் கதி என்று கண்ணீர் விடும் தோழர்களே, அந்தக் கவுண்டரில் வரிசையில் நின்ற முதியோர் பென்ஷன் கிழவி உங்கள் கணக்கில் எந்த வர்க்கம்?

ஐரோப்பாவிலும் ஒரு தம்பி இருந்தார். உயிரியல் ஆராய்ச்சி நிறுவனம் ஒன்றோடு தொடர்புடைய மாணவர். கொரோனா காலம். தரவுகளைப் படமாக்கும் மென்பொருள் ஒன்று விலை அதிகம் என்று கிராக் தேடினார். விண்டோஸ் டிஃபெண்டர் கத்தியது. அணைத்தார். உள்ளே வந்தது பாஸ்வேர்டு திருடன். 13 நாள் கழித்து அவர் பெயரிலேயே யாரோ நிறுவனத்தின் சர்வருக்குள் நுழைந்தார்கள். மேலும் 10 நாளில் ரையூக் என்ற பணயத் தீநிரல் வெடித்தது. ஒரு வாரத்து ஆராய்ச்சித் தரவு மண்ணோடு போயிற்று. சோஃபோஸ் நிறுவனம் 2021-இல் இதை விவரமாக எழுதியிருக்கிறது. அந்த நிறுவனத்திலாவது ஒரு வாரத்தைத் தவிர மற்றதுக்கு பேக்கப் இருந்தது. நம் கடையில் பேக்கப் என்றால் கரண்ட் போனால் ஓடும் யூபிஎஸ்.

சட்டம் இருக்கிறதா என்று கேட்கலாம். பேஷாக இருக்கிறது. 1957-ஆம் ஆண்டுப் பதிப்புரிமைச் சட்டத்தின் 63பி பிரிவு, திருட்டு நகல் என்று தெரிந்தே மென்பொருளைக் கணினியில் ஓட்டினால் குறைந்தது 7 நாள், கூடினால் 3 ஆண்டு சிறை என்கிறது. அபராதம் 50,000 ரூபாயிலிருந்து 2 லட்சம் வரை. தொழிலுக்காக அல்லாமல் சொந்தத்துக்குச் செய்திருந்தால் நீதிமன்றம் சிறையை விட்டுவிடலாம். ஜெராக்ஸ் கடைக்கு அந்தச் சலுகையும் கிடையாது. திருட்டு விசிடி விற்றவனை 2004-இல் குண்டர் சட்டத்துக்குள் கொண்டுவந்த மாநிலம் இது. சினிமாவைத் திருடினால் குண்டர், சினிமா போஸ்டர் செய்கிற மென்பொருளைத் திருடினால் டிசைனர்.

போஸ்டர் என்றதும் நினைவுக்கு வருகிறது. ஊழலை ஒழிப்போம் என்று நாற்பதடி ஃப்ளெக்ஸில் கைகூப்பி நிற்கிறாரே தலைவர், அவர் முகத்துச் சுருக்கத்தை நீக்கி, முடியைக் கருப்பாக்கி, பின்னால் சிங்கத்தை நிறுத்திய மென்பொருளுக்கு யாராவது காசு கட்டியிருக்கிறார்களா என்று ஒரு சர்வே எடுக்கத் தயாராக இருக்கிறேன். எந்தக் கட்சியாக இருந்தாலும் சரி. கட்சி பேதம் கடந்த கொள்கை நம் மாநிலத்தில் ஒன்றுதான் உண்டு, அது ஒரு பென்டிரைவில் அடங்கும்.

கல்லூரிகளைப் பற்றிப் பேசினால் இன்னும் கசக்கும். கம்ப்யூட்டர் லேபில் கிராக் செய்த வரைகலை மென்பொருள். அதே லேபில் மூன்றாவது பீரியட் தொழில்நெறி வகுப்பு. ‘விண்டோஸை ஆக்டிவேட் செய்யவும்’ என்று மூலையில் எழுதிய திரையில் அறிவுசார் சொத்துரிமை பற்றிய ஸ்லைடு ஓடுகிறது, மாணவர்கள் குறிப்பெடுக்கிறார்கள். எனக்கு உண்மையிலேயே ஆத்திரம் வருவது வேறொன்றில். ஆட்டோகேட் தயாரிக்கும் ஆட்டோடெஸ்க் நிறுவனம் மாணவர்களுக்கும் ஆசிரியர்களுக்கும் இலவச உரிமம் கொடுக்கிறது. கல்லூரி மின்னஞ்சலோ அடையாள அட்டையோ காட்டினால் போதும். அந்த ஒரு படிவத்தை நிரப்பச் சொல்லித்தர ஆள் இல்லை. சீனியர் பென்டிரைவ் கொடுக்கிறான், ஜூனியர் டிஃபெண்டரை அணைக்கிறான். நான்கு வருஷம் லட்சக்கணக்கில் ஃபீஸ் கட்டி நம் பிள்ளைகள் முதலில் தேர்ச்சி பெறும் பாடம், எச்சரிக்கை வந்தால் அதை மூடுவது.

இதையெல்லாம் படித்துவிட்டு, கம்பெனிக்காரன் பாவம் என்று நான் சொல்ல வருவதாக நினைத்தால் தப்பு. 1998-இல் வாஷிங்டன் பல்கலைக்கழக மேடையில் பில் கேட்ஸ் சீனாவைப் பற்றி மனம் திறந்து பேசினார். திருடத்தான் போகிறார்கள் என்றால் எங்களுடையதையே திருடட்டும், பழகிவிடுவார்கள், காசு வாங்கும் வழியைப் பிறகு பார்த்துக்கொள்ளலாம் என்பது அதன் சாரம். கோயில் வாசலில் முதல் பொட்டலம் ஓசியில் கொடுக்கும் கஞ்சா வியாபாரிக்கு இதைவிடத் தெளிவாகப் பேசத் தெரியாது. நாம் திருடிவிட்டதாக மார்தட்டிக்கொண்டிருக்கிறோம். அவர்கள் விதை தூவிவிட்டு அறுப்புக்குக் காத்திருக்கிறார்கள். அடோபி 2013-இல் இனி மாதச் சந்தாதான் என்று மாறியது. சந்தாவை நடுவில் நிறுத்தினால் விழும் அபராதத்தை ஒளித்து வைத்தது என்று 2024 ஜூனில் அமெரிக்க அரசே அதன் மீது வழக்குப் போட்டது. இந்த யோக்கியர்களுக்காக நான் வக்காலத்து வாங்கவில்லை. அவர்கள் வீட்டு விருந்துக்குச் சுவர் ஏறிக் குதித்தாவது போவேன் என்று அடம் பிடிக்கும் நம்மவர்களைத்தான் கேட்கிறேன். அந்த வீட்டில் அப்படி என்ன விருந்து?

பக்கத்து மாநிலத்தைப் பாருங்கள். கேரளத்து அரசுப் பள்ளிகள் பல ஆண்டுகளாக லினக்ஸில் பாடம் நடத்துகின்றன. ஜனயுகம் என்ற மலையாள நாளிதழ் 2019-இல் பேஜ்மேக்கரைத் தலைமுழுகிவிட்டு ஸ்கிரைபஸ், கிம்ப், இங்க்ஸ்கேப் என்று முழுக்கக் கட்டற்ற மென்பொருளுக்கு மாறியது. தினசரிப் பத்திரிகை ஐயா, விடிவதற்குள் அச்சுக்குப் போயாக வேண்டியது. நம் ஊரில் எட்டுப் பக்கத் திருவிழா நோட்டீஸுக்கு இன்னும் பேஜ்மேக்கர் 7, அதுவும் கிராக். அதன் கடைசிப் பதிப்பு வந்தது 2001-இல். பெற்ற தாயே கைவிட்டுவிட்ட பிள்ளையைத் திருடி வைத்துக்கொண்டு பாமினி எழுத்துருவில் தாலாட்டுப் பாடுகிறோம். பாமினியில் அடித்ததை எழுத்துரு இல்லாத கணினியில் திறந்தால் தமிழ் போய் ஆங்கில எழுத்துகள் கொத்துப் புரோட்டாவாக நிற்கும். நம் அரசு கொடுத்த இலவச மடிக்கணினிகளில் சென்னை சி-டாக் உருவாக்கிய பாஸ் லினக்ஸும் இருந்தது. அதற்கு என்ன மரியாதை கிடைத்தது? வாங்கிய வாரமே ஃபார்மட் செய்து ‘ஒரிஜினல் மாதிரியே’ விண்டோஸ் போட்டுத் தர ஊருக்கு நாலு பேர் முந்நூறு ரூபாய்க்குக் காத்திருந்தார்கள்.

மாற்று இல்லை என்று யாரும் சொல்ல வேண்டாம். பாஸ்போர்ட் போட்டோவின் பின்னணியை வெள்ளையாக்க கிம்ப் போதும், தாராளமாகப் போதும். 2025 மார்ச்சில் அதன் 3.0 பதிப்பு வந்தது. கோரல்டிராவில் செய்கிற பெயர்ப்பலகை வேலைக்கு இங்க்ஸ்கேப். பக்க வடிவமைப்புக்கு ஸ்கிரைபஸ், 2024-இல் வந்த 1.6 பதிப்பில் யூனிகோடு தமிழ் கொம்பு, கால் உடையாமல் நிற்கிறது. கடிதம், கணக்கு, பயோடேட்டாவுக்கு லிப்ரே ஆபீஸ். பென்டிரைவில் சொருகி ஓட்டினால்தான் தொழில் ஓடும் என்றால் கிம்ப்பும் இங்க்ஸ்கேப்பும் லிப்ரே ஆபீஸும் போர்ட்டபிளாகவே கிடைக்கின்றன, சட்டப்படி, யார் கட்டிய மூட்டை என்று தெரிந்தே. ஒன்றையும் இன்ஸ்டால் செய்ய மனமில்லையா, போட்டோபீ உலாவிக்குள்ளேயே ஓடும், போட்டோஷாப் கோப்பையும் திறக்கும். தமிழில் கற்றுக்கொள்ள வேண்டுமென்றால் கணியம் அறக்கட்டளை ஆண்டுக்கணக்காக எழுதி வைத்திருக்கிறது, வாசிக்க ஆள்தான் வேண்டும்.

தேனும் பாலும் ஓடும் என்று பொய் சொல்ல மாட்டேன். கிம்ப் முதல் வாரம் உங்களைக் கடிக்கும். அச்சுக்கு வேண்டிய நான்கு வண்ணப் பிரிப்பில் அது இன்னும் சவலைப் பிள்ளைதான். பழைய கோரல்டிரா கோப்புகளை இங்க்ஸ்கேப் அரைகுறையாகத்தான் திறக்கும். பாமினியிலிருந்து யூனிகோடுக்கு மாற்ற ஒரு மாசம் நாக்குத் தள்ளும். விண்டோஸ் உரிமத்துக்கு ஒருமுறை காசு போகும், அல்லது லினக்ஸ் பழக வேண்டும். ஆனால் ரீட்மீ கடிதத்தில் வந்த 490 டாலருக்கு ஒரிஜினல் விண்டோஸ் வாங்கி, மிச்சத்தில் தம்பியை ஒரு மாசம் சம்பளத்தோடு உட்கார வைத்து கிம்ப் படிக்க வைத்திருக்கலாம். இந்தக் கணக்கைக் கடைக்காரரிடம் போட்டுக் காட்டினேன். பொறுமையாகக் கேட்டுவிட்டு, “இதெல்லாம் படிச்சவங்களுக்குச் சரிண்ணே” என்றார். அவர் எம்.எஸ்ஸி. கம்ப்யூட்டர் சயின்ஸ்.

போன வாரம் மறுபடி அந்தப் பக்கம் போனேன். சர்வீஸ் ஆள் வந்து புது ஹார்ட் டிஸ்க் மாட்டிப் புது ஓஎஸ் போட்டுக் கொடுத்துவிட்டாராம். டெஸ்க்டாப்பில் அதற்குள் நாற்பது ஃபோல்டர். கவுண்டருக்கு முன்னால் ஒரு தாத்தா மஞ்சள் பையிலிருந்து பாஸ்புக்கை எடுத்து நீட்டிக்கொண்டிருந்தார். தம்பி பைக் சாவியை எடுத்தார். வலது மூலையில் சிவப்பாக ஒன்று எட்டிப் பார்த்தது. தம்பி தாத்தாவைப் பார்த்து, “ஒண்ணுமில்ல தாத்தா, அது கத்தும்” என்றார்.

பழைய ஹார்ட் டிஸ்க்கை என்ன செய்தீர்கள் என்று கேட்டேன். சர்வீஸ் ஆள் எடுத்துக்கொண்டு போனாராம், ‘ரெக்கவரி’ செய்து பார்ப்பதாகச் சொல்லி. அதில் ‘நியூ ஃபோல்டர் 14’ என்ற ஃபோல்டரில் என் ஆதார் இருக்கிறது. பக்கத்தில் அக்கா மகளின் போட்டோ, வெள்ளைப் பின்னணியில். உங்கள் ஊரில் யார் மேசையிலாவது அந்த ஹார்ட் டிஸ்க் வந்து சேர்ந்தால் தயவுசெய்து அழித்துவிடுங்கள்.